வாடிக்கையாளர்கள் திறந்த கடை
விம்பிள்டன் கால்பந்து கிளப்பின் வரவு செலவில் நமக்குள்ள பாடம்

கால்பந்தாட்டத்துக்கும் வணிகர் சங்க இதழுக்கும் என்ன சம்பந்தம் என்று வாசக அன்பர்கள் கேட்கலாம். ஆட்டத்தின் நுணுக்கங்களில் நமக்கும் பெரிய ஞானம் கிடையாது. ஆனால் லண்டன் மாநகரின் தென்மேற்கில் உள்ள விம்பிள்டனில் நடந்த ஒரு விவகாரத்தை, ஐந்தொகை பார்க்கிற கண்ணோடு பார்த்தால், மொத்த வியாபாரிக்கும் சில்லறைக் கடைக்காரருக்கும் யோசிக்க நிறைய இருக்கிறது. முதலாளி கடையைப் பெயர்த்துக்கொண்டு வேறு ஊருக்குப் போய்விட்டார். வாடிக்கையாளர்கள் கூடிப் பேசி, அதே பெயரில் தாங்களே ஒரு கடையைத் திறந்துவிட்டார்கள். ஒன்பது வருஷத்தில் அந்தக் கடை நாட்டின் பெரிய கடைகளின் வரிசைக்கு வந்து சேர்ந்தது. சுருக்கமாக விஷயம் இதுதான்.

விம்பிள்டன் என்றால் நம்மவர்களுக்கு டென்னிஸ்தான் நினைவுக்கு வரும். அங்கே 1889-ல் தொடங்கிய கால்பந்து கிளப் ஒன்றும் உண்டு. பள்ளிக்கூடத்துப் பழைய மாணவர்கள் ஆரம்பித்தது. 1912 முதல் பிளவ் லேன் என்ற தெருவில் சொந்த மைதானம். நெடுங்காலம் அமெச்சூர் கிளப்பாகவே இருந்தது. அதாவது ஆடுகிறவர்கள் பகலில் வேறு தொழில் பார்த்து, மாலையில் பந்தாடியவர்கள். 1963-ல் அமெச்சூர்களுக்கான தேசியக் கோப்பையை வென்றார்கள். மறு வருஷம், 1964-ல், ஆட்டக்காரர்களுக்குச் சம்பளம் கொடுக்கும் தொழில்முறைக் கிளப்பாக மாறினார்கள். 1977-ல் நாட்டின் நான்கு பெரிய டிவிஷன்களைக் கொண்ட ஃபுட்பால் லீகில் இடம் கிடைத்தது. 1986-ல் முதல் டிவிஷன். 1988 மே மாதம் வெம்பிளி மைதானத்தில் எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டத்தில், அப்போது யாராலும் அசைக்க முடியாதிருந்த லிவர்பூல் கிளப்பை 1-0 என்று தோற்கடித்தார்கள். தெருமுனைக் கடை ஒன்று மொத்த மார்க்கெட்டின் விலையை நிர்ணயித்தது போன்ற காரியம் அது.

இது முதல் ஏற்றம். நாம் எழுத வந்தது இரண்டாவது ஏற்றத்தைப் பற்றி. ஆனால் இடையில் வந்த சரிவைச் சொல்லாமல் அது விளங்காது.

இடம் போனது, பிறகு எல்லாம் போனது

1989-ல் ஷெஃபீல்டு நகரில் நெரிசலில் ரசிகர்கள் பலியான கோரத்துக்குப் பிறகு, பெரிய கிளப்புகளின் மைதானத்தில் எல்லோருக்கும் இருக்கை இருக்க வேண்டும் என்ற நியதி வந்தது. பிளவ் லேன் பழைய கட்டடம். செலவு செய்து திருத்துவதற்குப் பதிலாக, 1991-ல் விம்பிள்டன் கிளப், கிரிஸ்டல் பேலஸ் கிளப்பின் மைதானத்துக்கு வாடகைக்குக் குடிபோனது. தற்காலிகம் என்றுதான் சொன்னார்கள். வியாபாரத்தில் தற்காலிகம் என்று சொல்லி எடுத்த கிடங்கு எத்தனை வருஷம் நம் கழுத்தில் தொங்கும் என்பது நம் எல்லோருக்கும் தெரிந்ததே. 1998-ல் பிளவ் லேன் இடம் சேஃப்வே என்ற சூப்பர்மார்க்கெட் கம்பெனிக்கு விற்கப்பட்டது. ஊர்க்காரர்களின் எதிர்ப்பால் அங்கே சூப்பர்மார்க்கெட் எழும்பவில்லை என்பது வேறு விஷயம். பிற்பாடு அடுக்கு மாடிக் குடியிருப்பு வந்தது.

இதற்கிடையே, 1997-ல், கிளப்பும் நார்வே நாட்டுச் செல்வந்தர்கள் கைக்குப் போனது. சொந்த இடம் இல்லை, வாடகை மைதானத்தில் வசூல் இல்லை. 2000-ல் கிளப் முதல் வரிசையிலிருந்து கீழே இறங்கியது. நிர்வாகம் கணக்குப் போட்டுப் பார்த்தது. சுமார் 90 கிலோமீட்டர் வடக்கே மில்டன் கீன்ஸ் என்ற புதிய நகரம் இருக்கிறது, அங்கே ஜனத்தொகை உண்டு, பெரிய கிளப் கிடையாது, இடம் தர ஆள் உண்டு. கிளப்பையே அங்கே கொண்டுபோய்விடலாம் என்று 2001 ஆகஸ்டில் அறிவித்தார்கள். ஃபுட்பால் லீக் முதலில் மறுத்தது. மேல்முறையீடு, மத்தியஸ்தம் என்று இழுத்து, கடைசியில் மூன்று பேர் கொண்ட கமிஷன் 2002 மே 28 அன்று இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் அனுமதி வழங்கியது. ரசிகர்களே புதிதாக ஒரு கிளப் தொடங்கி அடிமட்டத்திலிருந்து வரலாமே என்ற யோசனை, கால்பந்தின் பரந்த நலனுக்கு உகந்ததல்ல என்கிற கருத்தையும் கமிஷன் தன் அறிக்கையில் பதிவு செய்தது.

நிர்வாகத்தின் கணக்கில் கூட்டல் பிழை இல்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். நஷ்டத்தில் ஓடுகிற ஸ்தாபனத்தைச் சந்தை இருக்கிற இடத்துக்கு மாற்றுவது வணிக தர்மத்துக்கு விரோதமானதல்ல. மில்டன் கீன்ஸிலும் பிற்பாடு நல்ல மைதானம் வந்தது, ரசிகர்கள் சேர்ந்தார்கள். பிழை இன்னொரு இடத்தில். குட்வில் என்று ஐந்தொகையில் நாம் ஒரு தொகை எழுதுகிறோமே, அது முதலாளியின் சொத்து என்று அவர்கள் நினைத்தார்கள். பெயர்ப் பலகை, சட்டை நிறம், கோப்பை எல்லாவற்றையும் லாரியில் ஏற்றலாம். சனிக்கிழமை மத்தியானமானால் தகப்பன் மகனைக் கையைப் பிடித்து அழைத்துப் போகிற வழக்கத்தை எந்த லாரியில் ஏற்றுவது? கிளப்பின் ஆட்டங்களுக்கு ரசிகர்கள் வருவதை நிறுத்தினார்கள். 2003 ஜூனில் பழைய கிளப் திவால் நிர்வாகத்தின் கீழ் போனது. அதே ஆண்டு மில்டன் கீன்ஸ் சென்று, 2004-ல் பெயரையும் மாற்றிக்கொண்டது.

பூங்காவில் ஆள் எடுத்த கதை

கமிஷன் தீர்ப்பு வந்த மூன்றாம் நாள், 2002 மே 30 அன்று, விம்பிள்டனில் ரசிகர் சங்கக் கூட்டம் நடந்தது. புலம்புவதற்காகக் கூடிய கூட்டமாகத்தான் இருந்திருக்க வேண்டும். ஆனால் புதிய கிளப் தொடங்குவது என்று தீர்மானித்துக் கலைந்தார்கள். கிரிஸ் ஸ்டூவர்ட், மார்க் ஜோன்ஸ், ட்ரெவர் வில்லியம்ஸ், ஐவர் ஹெல்லர் ஆகியோர் முன்னின்றார்கள். ஏ.எஃப்.சி. விம்பிள்டன் என்று பெயர். மைதானம் கிடையாது, ஆட்டக்காரர் ஒருவர்கூடக் கிடையாது, பந்தயம் தொடங்க இரண்டரை மாதம்தான் இருந்தது.

ஜூன் 29 அன்று விம்பிள்டன் காமன் என்கிற பொதுப் பூங்காவில் ஆட்டக்காரர் தேர்வு வைத்தார்கள். யார் வேண்டுமானாலும் வரலாம். 230 பேர் வந்தார்கள். ஜூலை 10-ம் தேதி சட்டன் யுனைடெட் கிளப்புடன் முதல் நட்பு ஆட்டம். 4-0 என்று தோல்வி. பார்க்க வந்தவர்கள் எத்தனை பேர் தெரியுமா? 4,657. தோற்றுப்போகப் போகிற அணியைப் பார்க்கப் பணம் கொடுத்து இத்தனை பேர் வந்தார்கள் என்றால், சரக்கு வருவதற்கு முன்பே கடை வாசலில் வரிசை நிற்கிறது என்று அர்த்தம். ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டுக் கம்பெனி, ஸ்போர்ட்ஸ் இன்டராக்டிவ், தொடக்கத்திலிருந்தே சட்டையில் தன் பெயர் போட்டு ஆதரவு தந்தது. பெயரில்லாத புதுக் கடைக்கு முதல் மூட்டையைக் கடனாக இறக்கித் தருகிற மொத்த வியாபாரி ஒருவர் எப்போதும் இருப்பார், அவரை மறக்கக்கூடாது. அந்தக் கம்பெனியும் நெடுங்காலம் கூடவே இருந்தது.

அவர்களைச் சேர்த்துக்கொண்டது கம்பைன்டு கவுன்டீஸ் லீக். இங்கிலாந்தின் கால்பந்து அமைப்பு ஒரு கோபுரம் மாதிரி. உச்சியில் பிரீமியர் லீக், அதன் கீழ் ஃபுட்பால் லீகின் மூன்று டிவிஷன்கள், அதற்கும் கீழே அரைநேர ஆட்டக்காரர்களின் கிளப்புகள் படிப்படியாக. வென்றால் ஒரு படி ஏறலாம், தோற்றால் இறங்க வேண்டும். உச்சியிலிருந்து எண்ணினால் இவர்கள் நின்றது ஒன்பதாம் படி. அந்தப் படியில் பல கிளப்புகளுக்கு நூறு பேர் வந்தாலே விசேஷம். இவர்களுக்கு முதல் வருஷமே சராசரி 3,000-ஐத் தொட்டது. பல படி மேலே ஆடிக்கொண்டிருந்த பழைய கிளப்புக்கு அந்த வருஷம் வந்த சராசரிக் கூட்டம் இதைவிடக் குறைவு. கல்லா எங்கே திறந்திருக்கிறது என்பதல்ல, யார் திறந்து வைத்திருக்கிறார்கள் என்பதைப் பார்த்து ஜனங்கள் வந்தார்கள்.

அடுத்த 2003-04 பருவத்தில் 46 லீக் ஆட்டங்களில் 42 வெற்றி, 4 சமன், தோல்வி ஒன்றுமில்லை. 2003 பிப்ரவரியிலிருந்து 2004 டிசம்பர் வரை தொடர்ந்து 78 லீக் ஆட்டங்களில் தோற்கவேயில்லை. இங்கிலாந்தில் இது ஒரு சாதனை. ஆனால் கீழ்ப்படியில் பெரிய கூட்டத்தின் வசூலை வைத்துக்கொண்டு ஜெயிப்பதில் அதிசயம் ஒன்றுமில்லை என்றும் சொல்லலாம். நாம் அப்படித்தான் நினைக்கிறோம். அதிசயம் அவர்கள் பணத்தை நிர்வகித்த விதத்தில் இருக்கிறது.

வாக்கு யார் கையில்?

கிளப்பின் உடைமை டான்ஸ் டிரஸ்ட் என்கிற ரசிகர் அமைப்பிடம் வைக்கப்பட்டது. (டான்ஸ் என்றதும் நடனம் என்று நினைக்க வேண்டாம், அது கிளப்பின் செல்லப்பெயர்.) வருஷச் சந்தா கட்டுகிறவர் எவரும் உறுப்பினர். ஒருவருக்கு ஒரு வாக்கு. ஆயிரம் பவுண்டு கொடுத்தவருக்கும் அதே ஒரு வாக்கு, சந்தா மட்டும் கட்டிய ஓய்வூதியக்காரருக்கும் அதே ஒரு வாக்கு.

2003-ல் அவர்கள் வாடகைக்கு ஆடிக்கொண்டிருந்த கிங்ஸ்மெடோ மைதானத்தின் குத்தகை உரிமை விலைக்கு வந்தது. விலை சுமார் 24 லட்சம் பவுண்டு. ஒரு வயதுகூட நிரம்பாத ஸ்தாபனம். பங்கு வெளியிட்டு, ரசிகர்களிடமிருந்து பத்து லட்சம் பவுண்டுக்கு மேல் திரட்டினார்கள். மிச்சம் கடன். பங்கு வாங்கியவர்களுக்குக் காகிதம் கிடைத்தது. ஆனால் வாக்குரிமையில் பெரும்பான்மை டிரஸ்டிடமே இருக்கும்படி ஏற்பாடு. நம் சங்கங்களில் கூட்டுக் கொள்முதல், கூட்டுக் கிடங்கு என்று பல முறை பேசுகிறோம். ஆரம்பத்தில் உற்சாகமாகச் சேருவோம். பிறகு அதிக முதல் போட்டவர் அதிக அதிகாரம் கேட்பார், சின்னக் கடைக்காரர் ஒதுங்குவார், கிடங்கு ஒருவர் பெயருக்கு மாறும். பணத்துக்கு வட்டி கொடுங்கள், லாபம் கொடுங்கள், மரியாதை கொடுங்கள். வாக்கை மட்டும் தலைக்கு ஒன்று என்று வையுங்கள் என்பது நாம் நெடுநாளாகச் சொல்லி வருவது. விம்பிள்டன்காரர்கள் அதைச் செய்து காட்டியிருக்கிறார்கள்.

இந்த மைதான விவகாரத்தில் ஒரு மறுபக்கமும் உண்டு. கிங்ஸ்மெடோ, கிங்ஸ்டோனியன் என்கிற பழைய சிறிய கிளப்பின் வீடு. கஷ்டத்தில் அவர்கள் கைவிட்டுப் போன இடம்தான் விலைக்கு வந்தது. விம்பிள்டன்காரர்கள் அவர்களைக் குறைந்த வாடகையில் அங்கேயே ஆட விட்டார்கள். ஆனால் புதிய மைதானத்துக்குப் பணம் வேண்டி கிங்ஸ்மெடோவை செல்சி கிளப்புக்கு விற்றபோது, கிங்ஸ்டோனியன் 2017-ல் வெளியேற நேர்ந்தது. வீடிழந்தவர்கள் கட்டிய வீட்டுக்காக இன்னொருவர் வீடிழந்தார். சட்டப்படி குற்றமில்லை. இருந்தாலும் கணக்கில் இந்த வரியையும் எழுதத்தான் வேண்டும்.

நிர்வாகத்தில் இடறாமலும் இல்லை. 2006-07 பருவத்தில் ஓர் ஆட்டக்காரரைச் சேர்த்தார்கள். அவர் அதற்கு முன் வேல்ஸ் நாட்டுக் கிளப்பில் இருந்தவர். வேல்ஸுக்குத் தனிக் கால்பந்து சங்கம் உண்டு என்பதால் சர்வதேச மாற்றுச் சான்றிதழ் ஒன்று வாங்கியிருக்க வேண்டும். வாங்கவில்லை. ஒரு காகிதம்! 18 புள்ளிகள் அபராதம் விதித்தார்கள். ஒரு கோப்பைப் போட்டியிலிருந்தும் நீக்கினார்கள். பெருத்த கூக்குரலுக்குப் பின் மேல்முறையீட்டில் அபராதம் 3 புள்ளியாகக் குறைந்தது. ஈ-வே பில்லில் வண்டி நம்பர் தவறியதற்காகச் சோதனைச் சாவடியில் சரக்கோடு நின்ற அனுபவம் உள்ளவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

படிகளை எப்படி ஏறினார்கள் என்று பாருங்கள். 2004, 2005 இரண்டு வருஷமும் அடுத்தடுத்து ஏற்றம். பிறகு மூன்று வருஷம் ஒரே படியில் நின்றார்கள். அந்த மூன்று வருஷத்தில் கடன் வாங்கி விலை உயர்ந்த ஆட்டக்காரர்களை இறக்கியிருக்கலாம். அந்த வட்டாரத்தில் அப்படிச் செய்து காணாமல் போன கிளப்புகள் பல. டெர்ரி பிரௌன் என்ற மேலாளர் 2007-ல் வந்தார். 2008-ல் ஒரு படி, 2009-ல் இன்னொரு படி. ஃபுட்பால் லீகுக்கு ஒரு படி கீழே வந்து நின்ற பிறகுதான், 2010-ல், ஆட்டக்காரர்களை முழுநேரச் சம்பளத்துக்கு எடுத்தார்கள். அதுவரை எட்டு பருவங்கள் அரைநேரக்காரர்களை வைத்தே ஓட்டினார்கள். வியாபாரம் பெருகிய பிறகு ஆள் எடுப்பதா, ஆள் எடுத்து வியாபாரத்தைப் பெருக்குவதா என்பது நமக்கெல்லாம் தீராத தர்க்கம். அவர்கள் முதல் வழியில் போனார்கள்.

2011 மே 21. மான்செஸ்டர் நகரில் லூட்டன் டவுன் அணியோடு தீர்மான ஆட்டம். இரண்டு மணி நேரம் ஆடியும் கோல் விழவில்லை. பெனால்டியில் கோல்கீப்பர் செப் பிரௌன் இரண்டைத் தடுத்தார். இவர் சிறுவயதிலிருந்தே விம்பிள்டன் ரசிகர். வாடிக்கையாளர் வீட்டுப் பிள்ளையே கல்லாவில் உட்கார்ந்தது போல. கடைசிப் பெனால்டியை டேனி கெட்வெல் அடித்தார். 4-3. ஐந்து ஏற்றங்கள், ஒன்பது பருவங்கள். கமிஷன் வேண்டாமென்று எழுதிய வழியிலேயே ஃபுட்பால் லீகுக்குள் வந்துவிட்டார்கள். 2016-ல் வெம்பிளியில் பிளிமத் அணியை 2-0 என்று வென்று இன்னொரு படி. அது மே 30. விம்பிள்டனில் அந்தக் கூட்டம் நடந்து சரியாகப் பதினான்கு வருஷம்.

பெரிய சோதனை அதற்குப் பிறகுதான் வந்தது. சொந்தப் பேட்டையான பிளவ் லேனில், பழைய மைதானத்துக்குக் கூப்பிடு தூரத்தில், நாய்ப் பந்தய மைதானம் இருந்த இடத்தில் புதிய மைதானம் கட்டத் தொடங்கினார்கள். கட்டடம் கட்டியவர்களுக்குத் தெரியும், மதிப்பீடு என்பது ஆரம்ப விலைதான். 2019 இறுதியில் பணம் பெருமளவு குறைந்தது. வெளி முதலீட்டாளர்கள் பணம் தரத் தயாராக இருந்தார்கள், உடைமையில் பங்கு கேட்டு. வேலை பாதியில் நிற்கிறது, ஒப்பந்தக்காரருக்குத் தர வேண்டும். இந்த நிலையில் நம்மில் எத்தனை பேர் கையெழுத்துப் போடாமல் இருப்போம்?

உறுப்பினர்கள் தயங்கினார்கள். ரசிகர்களில் சிலர் சேர்ந்து கடன் பத்திரத் திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தார்கள். குறைந்தது ஆயிரம் பவுண்டு. தவணைக் காலத்தையும் வட்டியையும் பத்திரம் வாங்குகிறவரே தேர்ந்தெடுக்கலாம். வட்டி பூஜ்யத்திலிருந்து 4 சதவீதம் வரை. கடன் கொடுப்பவரே தன் வட்டியைக் குறைத்துச் சொல்லலாம் என்ற ஷரத்தை நம் வட்டாரத்தில் நாம் கேள்விப்பட்டதில்லை. சில மாதங்களுக்குள் 50 லட்சம் பவுண்டுக்கு மேல் சேர்ந்தது. மைதானம் எழும்பியது, வாக்கும் கைமாறவில்லை. கடன் கடன்தான், தவணை வந்தால் திருப்ப வேண்டும், அந்தப் பாரம் ஒவ்வொரு வருஷ பட்ஜெட்டிலும் உட்கார்ந்திருக்கும். ஆனால் கடன்காரரும் வாடிக்கையாளரும் ஒரே ஆளாக இருப்பது ஒரு பெரிய பலம்.

2020 நவம்பர் 3 அன்று டான்காஸ்டர் அணியோடு முதல் ஆட்டம், 2-2. கொரோனா காலம். பார்வையாளருக்கு அனுமதி இல்லை. தங்கள் பணத்தில் கட்டிய கடையின் திறப்பு விழாவை அவர்கள் வீட்டிலிருந்துதான் பார்த்தார்கள். அதே வருஷம் ரசிகர்கள் ஒரு காரியம் செய்தார்கள். சூப்பர்மார்க்கெட் வாசல்களில் நின்று, வருகிறவர்களிடம் கூடுதலாக ஒரு பொருள் வாங்கித் தரும்படி கேட்டுச் சேகரித்து, கஷ்டப்பட்ட குடும்பங்களுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தார்கள். மைதானம் காலியாக இருந்தபோதும் கிளப் தெருவில் இருந்தது.

இப்படி நடத்துகிற ஸ்தாபனத்துக்கு உயரத்தில் ஒரு வரம்பு உண்டு என்பதை மறைப்பது நியாயமல்ல. பெரும் பணக்காரர்கள் கொட்டுகிற இடத்தில் சந்தாப் பணம் எவ்வளவு தூரம் ஓடும்? 2022-ல், மாதக்கணக்கில் ஒரு லீக் வெற்றிகூட இல்லாமல், ஒரு படி கீழே இறங்கினார்கள். வெளி முதல் வாங்கியிருந்தால் இது நேர்ந்திருக்காது என்று சொன்னவர்கள் இருந்திருப்பார்கள். வெளி முதல் வந்த பழைய கிளப்புக்கு என்ன நேர்ந்தது என்று பதில் சொன்னவர்களும் இருந்திருப்பார்கள்.

2024 செப்டம்பரில் பெருமழை. பக்கத்தில் ஓடும் வாண்டில் ஆறு கரை மீறியது. பிளவ் லேன் ஆடுகளத்தில் ஒரு பெரும் பள்ளம் விழுந்து, நியூகாஸில் அணியோடு அங்கே நடக்க இருந்த கோப்பை ஆட்டத்தை எதிரணியின் ஊருக்கே மாற்ற வேண்டியதாயிற்று. ரசிகர்கள் மறுபடி உண்டியல் எடுத்தார்கள். ஒரு லட்சம் பவுண்டுக்கு மேல் சேர்ந்தது. களத்தைச் செப்பனிட்டு ஆட்டம் தொடர்ந்தது. அந்தப் பருவத்தின் கடைசியில், 2025 மே 26 அன்று, வெம்பிளியில் வால்சால் அணியை 1-0 என்று வென்று, இறங்கிய படியை மறுபடி ஏறினார்கள். பள்ளம் விழுந்து எட்டு மாதம்தான் ஆகியிருந்தது.